மணலில் சாட்சி இல்லை

1994 ஏப்ரல். சஹாராவில் வழிதவறிப்போன ஓர் இத்தாலியக்காரர், ஆளில்லாத ஒரு முஸ்லிம் துறவியின் சமாதிக்குள் உட்கார்ந்துகொண்டு கணக்குப் போடுகிறார். பெயர் மௌரோ ப்ரோஸ்பெரி. வேலை போலீஸ். ஒருகாலத்தில் மாடர்ன் பெண்டாத்லான் வீரர். தண்ணீர் தீர்ந்து நாட்களாகிவிட்டன. சிறுநீரை பாட்டிலில் பிடித்து வைத்துக் குடித்தாயிற்று. சமாதியின் கூரைக்கடியில் தொங்கிய வௌவால்களைப் பிடித்து, தலையை அறுத்து, உள்ளிருந்த ஈரத்தை உறிஞ்சியாயிற்று. தேடி வந்த ஹெலிகாப்டர் தலைக்கு மேலே பறந்தது. இவர் கொளுத்திவிட்ட வெளிச்சத்தைப் பார்க்காமலே போய்விட்டது. பிறகு வந்த விமானமும் அப்படியே.

அவர் போட்ட கணக்கு இது. இத்தாலியில் ஒருவர் காணாமல் போனால் இறந்ததாக அறிவிக்க 10 வருடம் காத்திருக்க வேண்டும். அதுவரை மனைவிக்கு போலீஸ் பென்ஷன் வராது. வெளியே மணலில் விழுந்து செத்தால் உடல் கிடைக்காது. சமாதிக்குள் செத்தால் என்றைக்காவது யாராவது வருவார்கள், உடல் கிடைக்கும், பென்ஷனும் கிடைக்கும். மனைவிக்குக் கரித்துண்டால் ஒரு குறிப்பு எழுதி வைத்துவிட்டு மணிக்கட்டை அறுத்துக்கொண்டார். உடம்பில் நீர் வற்றியிருந்ததால் ரத்தம் கெட்டியாகி உறைந்துவிட்டது. விடிந்தபோது உயிரோடுதான் இருந்தார். சரி, சாவு வேண்டாம் என்கிறதுபோல என்று நினைத்துக்கொண்டு எழுந்து நடந்தார்.

இந்தக் கதையில் வௌவாலைத்தான் எல்லோரும் நினைவில் வைத்துக்கொள்கிறார்கள். எனக்குப் பென்ஷன்தான் நிற்கிறது. சாகப்போகிற ஒருவனுக்கு அந்த நேரத்திலும் பெரிய கவலை, தான் செத்ததற்கு அத்தாட்சி வேண்டும் என்பது.

நெடுந்தூர ஓட்டத்தைப் பற்றிய புத்தகங்களை நான் வாசிக்க ஆரம்பித்தது முரகாமி வழியாகத்தான். நம்மில் பாதிப் பேருக்கு அப்படித்தான் இருக்கும். ஓட்டத்தைப் பற்றிய அவருடைய சிறிய நூலில், 1996இல் ஹொக்கைடோவின் சரோமா ஏரியைச் சுற்றி 100 கி.மீ ஓடிய ஓர் அத்தியாயம் உண்டு. அங்கிருந்து ஒன்றைத் தொட்டு ஒன்றாகப் போய் கடைசியில் பாலைவனத்தில் வந்து நின்றேன். டெத் வேலி, சஹாரா, மொஹாவே. இந்த நூல்களையெல்லாம் தன்னம்பிக்கைப் புத்தகங்களோடு சேர்த்து அடுக்கிவைக்கிறார்கள். எனக்கு அவை வேறு வகையைச் சேர்ந்தவை என்று தோன்றுகிறது. அவை வாக்குமூலங்கள். மைதானத்தில் ஓடுகிறவனுக்கு நடுவரும் கடிகாரமும் கூட்டமும் இருக்கின்றன. பாலைவனத்தில் தனியாக ஓடியவனைப் பார்த்தது யார்? அவன் சொல்வதை ஏன் நம்ப வேண்டும்? இந்த நூல்களின் வரலாற்றில் பாதி இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும் முயற்சிதான்.

(நமக்கு இது புரியாத விஷயமும் இல்லை. முதல்முறை 21 கி.மீ ஓடி முடித்த அன்று பதினேழாவது கிலோமீட்டரில் என் வாட்ச் சார்ஜ் இல்லாமல் அணைந்துபோனது. திங்கட்கிழமை ஆபீஸில் சொன்னபோது முதலில் வந்த கேள்வி, "ஸ்ட்ராவா லிங்க் எங்க?")

ப்ரோஸ்பெரி ஓடிய போட்டியின் பெயர் மாரத்தான் தெ சாப்ல், மணல் மாரத்தான். அதன் தோற்றக் கதையே சாட்சியில்லாத ஒரு பயணம்தான். பாத்ரிக் பௌவர் என்கிற பிரெஞ்சுக்காரர் 1984இல் அல்ஜீரிய சஹாராவில் 350 கி.மீ தூரத்தைத் தனியாக நடந்து கடந்தார், 12 நாள், முதுகில் 35 கிலோ, வழியில் ஒரு ஊர் இல்லை, கிணறு இல்லை. அப்படித்தான் சொல்லப்படுகிறது. அதே அனுபவத்தை மற்றவர்களுக்கும் தரவேண்டும் என்று 1986இல் தெற்கு மொராக்கோவில் 23 பேரோடு ஒரு போட்டியை ஆரம்பித்தார். இப்போது ஆண்டுதோறும் ஆயிரம் பேருக்குமேல் ஓடுகிறார்கள். சுமார் 250 கி.மீ, பல கட்டங்களாக. சாப்பாடு, தூங்கும் பை எல்லாவற்றையும் ஓடுபவரே சுமக்க வேண்டும். தண்ணீர் மட்டும் தருவார்கள்.

1994இல் ஒரு கட்டத்தின் நடுவில் மணற்புயல் அடித்தது. புயலில் ஓட்டத்தை நிறுத்தி அங்கேயே இருக்க வேண்டும் என்பது விதி. ப்ரோஸ்பெரி நிற்கவில்லை, இடம் பிடித்து வைத்திருந்தார், அதை விட மனசில்லை. பல மணிநேரம் கழித்துப் புயல் ஓய்ந்தபோது பாதை இல்லை. நேற்றிருந்த மணல்மேடுகளே இல்லை. சமாதியிலிருந்து எழுந்து நடந்தபோது அவருக்கு நினைவில் இருந்தது, போட்டிக்கு முன்னால் துவாரெக் மக்கள் சொன்ன ஒரு யோசனை: வழிதவறினால் விடியற்காலையில் அடிவானத்தில் தெரியும் மேகத்தைப் பார்த்து நட. பகலில் மேகம் மறைந்துவிடும், நீ திசையை விடாதே. அப்படியே நடந்தார். ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு சிறுமி இவரைப் பார்த்து பயந்து ஓடினாள். கூடாரத்திலிருந்த பெண்கள் ஆட்டுப்பால் கொடுத்தார்கள். அது மொராக்கோ இல்லை, அல்ஜீரியா. எல்லையைத் தாண்டி, பாதையிலிருந்து ஏறக்குறைய 300 கி.மீ விலகி வந்திருந்தார். அங்குள்ள ராணுவம் முதலில் இவரை உளவாளியோ என்றுதான் சந்தேகப்பட்டது. எடையில் 15 கிலோவுக்குமேல் குறைந்திருந்தது.

அதன்பிறகுதான் இரண்டாவது கதை. ஊர் திரும்பியவரைக் கொண்டாடினார்கள். கொஞ்ச நாளில் முணுமுணுப்பு வந்தது. பத்து நாள், அந்த வெயிலில், அவ்வளவு குறைந்த நீரில் ஒரு மனிதன் உயிரோடிருக்க முடியுமா? கட்டுக்கதையோ? பணத்துக்காகவோ? போட்டியை நடத்தியவர்கள் தரப்பிலேயே சந்தேகம் இருந்தது. 2019இல் நெட்ஃபிளிக்ஸில் வந்த 'லூசர்ஸ்' தொடரில் அவரைப் பற்றிய பகுதியைப் பாருங்கள். இருபத்தைந்து வருடம் கழித்தும் மனிதர் தன் கதையைச் சொல்லிக்கொண்டிருக்கிறார், அதே நிதானத்தோடு. 12 நாள் தனியாக நடந்தவர் சொன்ன கதையின் மேல் ஒரு பெரிய போட்டியே கட்டப்பட்டது. அதே போட்டியில் 10 நாள் தனியாக நடந்தவரிடம் ஆதாரம் கேட்டார்கள். இதில் யார் பொய் சொன்னார் என்று நான் சொல்லவரவில்லை. ப்ரோஸ்பெரியை நான் நம்புகிறேன். பொய் சொல்ல நினைக்கிறவன் பென்ஷன் கணக்கைக் கதையில் சேர்க்கமாட்டான். நான்கு வருடம் கழித்து அவர் அதே போட்டிக்குத் திரும்பிப் போனார் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அமெரிக்கர்கள் இந்தச் சிக்கலை ஆரம்பத்திலேயே கையாண்டார்கள். கையோடு கேமராமேனைக் கூட்டிப்போனார்கள். கலிஃபோர்னியாவின் டெத் வேலியில், கடல்மட்டத்துக்கு 86 மீட்டர் கீழே இருக்கிற பேட்வாட்டர் என்ற உப்புத்தரையிலிருந்து 4,421 மீட்டர் உயரமுள்ள மவுண்ட் விட்னியின் உச்சிவரை ஓடவேண்டும் என்று ஆல் அர்னால்ட் என்பவருக்கு ஒரு பிடிவாதம். ஆறடி ஐந்தங்குல ஆள், வயது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தது, உடற்பயிற்சி நிலையம் ஒன்றில் வேலை. சானா அறைக்குள் சைக்கிள் மெஷினைப் போட்டு, 90 டிகிரிக்குமேல் சூட்டில் மணிக்கணக்காக மிதித்துப் பயிற்சி எடுத்தார். 1974இல் முடியவில்லை. 1975இல் முழங்கால் போனது. 1977 ஆகஸ்டில் 84 மணிநேரத்தில் முடித்தார். கூடவே வண்டியில் வந்தவர் எரிக் ரஹ்கோனன் என்கிற புகைப்படக்காரர். தண்ணீர் கொடுத்தவரும் அவரே, சாட்சியும் அவரே. அர்னால்ட் அதற்குப்பிறகு அந்தப் பாதையில் மறுபடி ஓடவேயில்லை. அவருக்கு ஒருமுறை போதுமாயிருந்தது. 10 வருடம் கழித்து, 1987இல், அது போட்டியாக மாறியது. இன்று 217 கி.மீ, ஜூலை மாதத்தில், நிழலில் 50 டிகிரியைத் தொடும் வெயிலில்.

பேட்வாட்டரைப் பற்றி எழுதப்பட்டவற்றில் எனக்குப் பிடித்தது கிர்க் ஜான்சனின் 'டு தி எட்ஜ்' (2001). ஜான்சன் நியூயார்க் டைம்ஸ் நிருபர். ஓட்டக்காரரே இல்லை. அவருடைய அண்ணன் தற்கொலை செய்துகொண்டார். ஓடுகிற பழக்கம் இருந்தவர் அண்ணன்தான். தம்பி அந்தத் துக்கத்தை என்ன செய்வதென்று தெரியாமல் ஓட ஆரம்பித்து, 1999இல் பேட்வாட்டரில் போய் நிற்கிறார். நிருபர் என்பதால் அவருக்குத் தன்மேலேயே ஒரு சந்தேகம் இருக்கிறது. வெயிலில் மயங்கிய மூளை காட்டுகிற தரிசனங்களை அவர் ஒரேயடியாக நம்பிவிடுவதில்லை, ஒரேயடியாகத் தள்ளிவிடுவதுமில்லை. ஓட்டக்காரர்கள் எழுதிய நூல்களில் பொதுவாக இந்தத் தயக்கம் இருக்காது. முதல் அத்தியாயத்திலேயே ஞானம் கிடைத்துவிடும்.

அந்த வகையில் மிக அதிகம் விற்றது டீன் கர்னாசஸின் 'அல்ட்ராமாரத்தான் மேன்' (2005). நடுராத்திரி ஓடிக்கொண்டே போனில் பீட்சா ஆர்டர் செய்து, ரோட்டோரத்தில் வாங்கி, சுருட்டித் தின்றபடி ஓடுகிற காட்சியோடு தொடங்கும். படிக்க ஜாலியான புத்தகம், அதை மறுக்கமாட்டேன். ஆனால் அதே வருடங்களின் பேட்வாட்டர் முடிவுகளை எடுத்துப் பாருங்கள். 2002இல் ஒட்டுமொத்தமாக முதலிடம் பாம் ரீட் என்கிற பெண். அரிஸோனாவின் டூசான் நகரக்காரர். 28 மணிநேரத்துக்குள் முடித்தார். அடுத்து வந்த ஆண் ஏறக்குறைய ஐந்து மணிநேரம் பின்னால். உடனே ஆரம்பித்தது பேச்சு. அப்போது அந்தப் போட்டியில் மெதுவாக ஓடுகிறவர்களைக் காலை 6 மணிக்கும் வேகமானவர்களை 10 மணிக்கும் அனுப்பினார்கள். ரீடை யாருக்கும் தெரியாது என்பதால் 6 மணிக் கூட்டத்தில் போட்டிருந்தார்கள். வெயிலுக்கு முன்னாலேயே கிளம்பிவிட்டாள், அதனால்தான் ஜெயித்தாள் என்றார்கள். 2003இல் 10 மணிக்கு, வேகமான ஆண்களோடு கிளம்பினார். மறுபடியும் முதலிடம். அந்த முறை இரண்டாவதாக வந்தவர் கர்னாசஸ்.

ரீடும் எழுதினார்: 'தி எக்ஸ்ட்ரா மைல்' (2006). சாப்பாட்டை வெறுக்கும் நோயான அனோரெக்ஸியாவோடு பல வருடங்கள் போராடியதை அதில் மறைக்காமல் சொல்கிறார். ஓட்டம் அவரைக் காப்பாற்றியதா, அந்த நோயே வேறு உருவத்தில் வந்ததா என்ற கேள்வியை வாசிக்கிறவர் கேட்டுக்கொள்ள இடமும் விடுகிறார். எழுத்தாக அது கர்னாசஸ் அளவுக்கு வழுவழுப்பானது இல்லை. விமான நிலையக் கடைகளில் கிடைக்கிற புத்தகமும் இல்லை. ஜெயித்தது ஒருவர், பெயர் நின்றது இன்னொருவருக்கு. எங்கள் துறையில் கோட் எழுதினவனும் டெமோ கொடுத்தவனும் வேறுவேறு ஆளாக இருப்பதுபோல என்று வைத்துக்கொள்ளலாம்.

யார் எழுதுகிறார்களோ அவர்களுடைய ஓட்டம்தான் மிஞ்சுகிறது. எழுதாமல் போனவர்களுக்கு என்ன ஆகிறது என்பதற்கு இன்னும் பழைய உதாரணம் ஒன்று இருக்கிறது.

1928 மார்ச் 4ஆம் தேதி லாஸ் ஏஞ்சல்ஸிலிருந்து 199 பேர் நியூயார்க்கை நோக்கி ஓடக் கிளம்பினார்கள். சி. சி. பைல் என்கிற விளையாட்டு வியாபாரியின் ஏற்பாடு. முதல் பரிசு 25,000 டாலர். பத்திரிகைகள் இதற்கு வைத்த செல்லப்பெயர் 'பனியன் டெர்பி'; பனியன் என்றால் இங்கே கால் பெருவிரலடியில் வரும் புடைப்பு, நம் பனியன் இல்லை. அப்போதுதான் போட்டுக்கொண்டிருந்த ரூட் 66 சாலை வழியாக, முதலில் மொஹாவே பாலைவனத்தைத் தாண்ட வேண்டும். ஓடுகிறவர்களில் தொழில்முறை வீரர்கள் சிலர். மற்றவர்கள் கடனாளிகள், வேலையில்லாதவர்கள், விவசாயி வீட்டுப் பையன்கள். 84 நாள் கழித்து மே 26ஆம் தேதி நியூயார்க்கில் முடித்தவர்கள் 55 பேர். தூரம் 5,500 கி.மீ. முதலில் வந்தவன் ஓக்லஹோமாவைச் சேர்ந்த 20 வயது செரோக்கி இளைஞன், ஆண்டி பெய்ன். மொத்தம் 573 மணிநேரம். பரிசுப் பணத்தில் அப்பாவின் நிலத்தின் மேலிருந்த கடனை அடைத்தான்.

கிளம்பியவர்களில் கறுப்பினத்தவர் ஐந்து பேர். அவர்களில் எட்டி கார்ட்னர் சியாட்டில்காரர். தலையில் வெள்ளைத் துண்டைக் கட்டிக்கொண்டு ஓடுவார், அதனால் 'ஷேக்' என்று பட்டப்பெயர். பாலைவனம் அவரை ஒன்றும் செய்யவில்லை. ஓட்டம் டெக்ஸாஸுக்குள் நுழைந்தபோது வெள்ளைக்காரக் கும்பல் வழிமறித்தது. ஓக்லஹோமாவில் ஒரு விவசாயி துப்பாக்கியை இவருடைய முதுகுக்குக் குறிவைத்தபடியே நாள் முழுக்கப் பின்னால் வந்தான். ஒரு வெள்ளைக்காரனை முந்தினால் சுடுவேன் என்று மிரட்டல். கார்ட்னர் வேகத்தைக் குறைத்தார். முதல் வரிசையில் ஓடிக்கொண்டிருந்தவர் பின்தங்கினார். கடைசியில் எட்டாவது இடம். ஓட்ட முடிவுப் பட்டியலை மட்டும் பார்க்கிறவனுக்கு அது வெறும் எட்டுதான். எண்ணுக்குள் துப்பாக்கி தெரியாது. 1982இல் இந்த ஓட்டத்தைத் தழுவி டாம் மெக்நாப் எழுதிய 'ஃப்ளானகன்ஸ் ரன்' என்ற நாவல் நன்றாக விற்றது. கார்ட்னரின் கதை முழுதாக வெளிவர சார்லஸ் காஸ்ட்னர் வரவேண்டியிருந்தது. பழைய நாளிதழ்களைத் துருவி, 'பனியன் டெர்பி' (2007) நூலை எழுதினார். அதோடு விடாமல் 2020இல் கார்ட்னரை மட்டுமே மையமாக வைத்துத் தனிநூல் கொண்டுவந்தார். தொண்ணூறு வருடம் கழித்து.

ஆதாரம் இருந்துவிட்டால் மட்டும் போதுமா என்றால், சார்லி எங்கிளைக் கேளுங்கள். 2006 நவம்பரில் எங்கிள், கனடாவின் ரே ஜஹாப், தைவானின் கெவின் லின் மூவரும் செனகல் கடற்கரையில் கிளம்பி, மௌரித்தானியா, மாலி, நைஜர், லிபியா வழியாக எகிப்தின் செங்கடல்வரை ஓடினார்கள். 111 நாளில் 6,900 கி.மீ சொச்சம். கூடவே ஜீப், மருத்துவர், வழிகாட்டிகள், படக்குழு. மேட் டேமன் குரலில் 'ரன்னிங் தி சஹாரா' என்ற ஆவணப்படம் வந்தது. அதைவிட அதிகமாகச் சாட்சி வைத்துக்கொண்டு எவனும் பாலைவனத்தைக் கடந்திருக்க முடியாது. அந்தப் படத்தைப் பார்த்த ஒரு வருமான வரித்துறை அதிகாரிக்கு வேறொரு கேள்வி வந்தது: வேலைக்குப் போகாமல் மாதக்கணக்கில் ஓடுகிறவனுக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? தோண்டினார்கள். வரியில் ஒன்றும் சிக்கவில்லை. வீட்டுக்கடன் விண்ணப்பத்தில் வருமானத்தைக் கூட்டிக் காட்டியதாக வழக்கு. மாறுவேடத்தில் ஒரு பெண் அதிகாரியை அனுப்பி, சாப்பிட்டுக்கொண்டே அவர் பேசியதை ரகசியமாகப் பதிவுசெய்தார்கள். 2010இல் தீர்ப்பு, 21 மாதச் சிறை. 2008இன் வீட்டுக்கடன் கூத்தில் எத்தனை வங்கி அதிகாரிகள் உள்ளே போனார்கள் என்று நியூயார்க் டைம்ஸில் ஜோ நொசேரா அப்போது எழுதியது நியாயமான கேள்வி.

எங்கிளின் 'ரன்னிங் மேன்' (2016) நூலில் சஹாரா பகுதியைவிடச் சிறைப் பகுதிதான் உயர்ந்தது. 2011 ஜூலையில் வெளியே பேட்வாட்டர் போட்டி நடக்கிற அதே நாட்களில், இவர் சிறைக்குள்ளிருந்த மண்பாதையில் அந்த 217 கி.மீட்டரை ஓடுகிறார். கால் மைல் வட்டம், 540 சுற்று. தலையெண்ணும் நேரம் வந்தால் நிறுத்திவிட்டு உள்ளே போக வேண்டும். திரும்பி வந்து விட்ட இடத்திலிருந்து எண்ண வேண்டும். கேமரா கிடையாது. மெடல் கிடையாது. அவரே எண்ணிக்கொண்ட 540.

இனி எல்லோரும் வாசித்த புத்தகத்துக்கு வரலாம். கிறிஸ்டோஃபர் மெக்டூகலின் 'பார்ன் டு ரன்' 2009இல் வந்தது. வடக்கு மெக்ஸிகோவின் சிஹுவாவா மாநிலத்தில், செம்புப் பள்ளத்தாக்கு என்று வெளியார் அழைக்கிற வறண்ட மலையிடுக்குகளில் வாழும் ரராமுரி பழங்குடியினர் (ஸ்பானியர்கள் வைத்த பெயர் தராஉமாரா) டயர் செருப்பைக் கட்டிக்கொண்டு நாள்கணக்கில் ஓடுகிறார்கள். அவர்களைத் தேடிப் போகிறார் ஆசிரியர். 'வெள்ளைக் குதிரை' என்று பட்டப்பெயர் வைத்துக்கொண்டு அங்கே வாழ்ந்த மைக்கா ட்ரூ என்ற அமெரிக்கர், 2006 மார்ச்சில் ரராமுரிகளுக்கும் ஸ்காட் ஜூரெக் போன்ற அமெரிக்க நட்சத்திரங்களுக்கும் ஓர் ஓட்டம் ஏற்பாடு செய்கிறார். ரராமுரியான அர்னுல்ஃபோ கிமாரே ஜெயிக்கிறார். என்ன வேகமான நடை! நானும் ஒரே ராத்திரியில் முடித்தவன்தான். மறுவாரம் மெல்லிய செருப்பொன்றை வாங்கி, ஒரு மாதத்தில் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர்களில் நானும் ஒருவன். அந்த அலையில் விரல்விரலாகப் பிரிந்த காலணி விற்ற நிறுவனமொன்று, அதன் மருத்துவப் பலன்களை மிகைப்படுத்தியதாக வந்த வழக்கில் 2014இல் 37.5 லட்சம் டாலர் கொடுத்து சமரசம் செய்துகொண்டது.

இந்தப் புத்தகத்துக்கு நூறு வருடத்துக்கு முன்பே ரராமுரி ஓட்டம் அச்சில் ஏறிவிட்டது. நார்வேக்காரரான கார்ல் லும்ஹோல்ட்ஸ் 1890களில் அந்த மலைகளில் அலைந்து, 1902இல் 'அன்நோன் மெக்ஸிகோ' என்று இரண்டு தொகுதிகள் கொண்டுவந்தார். மரப்பந்தைக் காலால் எத்திக்கொண்டே மலைப்பாதையில் இரவு பகலாக ஓடும் ஆண்கள், வளையத்தைக் கோலால் வீசிக்கொண்டு ஓடும் பெண்கள், இரண்டு பக்கமும் துணி, ஆடு என்று பந்தயம் கட்டும் ஊர்கள், எல்லாம் அதில் உண்டு. பிறகு மெக்ஸிகோ அரசே அவர்களைக் காட்சிக்கு வைத்தது. 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் மாரத்தானில் ஓடிய ஹோசே டோரஸ் 21ஆவதாக வந்தார். தூரம் போதவில்லை என்று அவர்கள் அலுத்துக்கொண்டதாக ஒரு கதை இன்னும் சுற்றுகிறது. அதைச் சொல்லிச் சிரிக்கிற நமக்கு, அவர்களை விளையாட்டு வீரர்களாக நினைக்க முடியவில்லை, ஏதோ மான்கள் என்று நினைக்கிறோம் என்பது உறைப்பதில்லை. 1993இல் கொலராடோவின் லெட்வில் 100 மைல் ஓட்டத்தில் விக்டோரியானோ சுர்ரோ என்கிற, ஐம்பதைத் தாண்டிய ரராமுரி முதலில் வந்தார். அடுத்த வருடம் ஹுவான் ஹெர்ரேரா 17 மணி 30 நிமிடத்தில் முடித்தார். இரண்டாவதாக வந்த ஆன் ட்ரேசனுக்கு 18 மணி 6 நிமிடம். மெக்டூகல் இதை அற்புதமாக எழுதியிருக்கிறார். ஆனால் அந்த அத்தியாயங்கள் முழுக்க யார் பேசுகிறார்கள் என்று கவனித்தால், அழைத்துவந்த அமெரிக்கர், பயிற்சியாளர், பேராசிரியர், ட்ரேசனைப் பார்த்தவர்கள். ஹெர்ரேரா பேசுவதில்லை. அர்னுல்ஃபோவின் வீட்டுக்கு ஆசிரியர் போகிற காட்சியில்கூட அவர் பழத்தைக் கொடுத்துவிட்டு அனேகமாக மௌனமாகவே இருக்கிறார். அந்த மௌனத்தை நாம் ஞானமாக எடுத்துக்கொண்டோம். முன்பின் தெரியாத ஆள் திடுதிப்பென்று வாசலில் வந்து நின்று கேள்வி கேட்டால் நம் ஊர்ப் பெரியவர்களும் அப்படித்தான் இருப்பார்கள்.

மைக்கா ட்ரூ 2012 மார்ச்சில் நியூ மெக்ஸிகோவின் கிலா காட்டில் தனியாக ஓடப்போய்த் திரும்பவில்லை. நான்கு நாள் தேடலுக்குப்பிறகு ஓர் ஓடையருகே உடலைக் கண்டெடுத்தார்கள். இதயக் கோளாறு. அவர் ஆரம்பித்த ஓட்டம் தொடர்ந்தது. 2015இல் போதைமருந்துக் கும்பல்களின் சண்டை ஊருக்குள் வந்துவிட, கடைசி நேரத்தில் அதை ரத்துசெய்ய வேண்டிவந்தது. வறட்சியும் அந்தக் கும்பல்களும் ரராமுரி இளைஞர்களில் சிலரை எல்லை தாண்டிச் சரக்கு சுமக்கவும் வைத்தன. ஓடப் பிறந்தவர்கள் என்று உலகம் சொன்ன கால்களுக்குக் கிடைத்த இன்னொரு வேலை.

'பார்ன் டு ரன்'னின் அறிவியல் பகுதிக்கு முதுகெலும்பு டேனியல் லீபர்மன். டென்னிஸ் பிராம்பிளோடு சேர்ந்து, மனித உடல் நீண்ட தூரம் ஓடுவதற்கேற்றபடி பரிணமித்தது என்று 2004இல் 'நேச்சர்' இதழில் எழுதிய ஹார்வர்ட் பேராசிரியர். புத்தகம் உண்டாக்கிய புராணம் எங்கே போய்விட்டது என்று பார்த்துக்கொண்டிருந்தவர்களில் அவரும் உண்டு. 2020இல் 'கரண்ட் ஆந்த்ரோபாலஜி' இதழில் ரராமுரி ஓட்டத்தைப் பற்றி அவரும் உடன் பணியாற்றியவர்களும் ஒரு நீண்ட ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். தலைப்பிலேயே ஒரு குட்டு இருக்கிறது: 'விளையாட்டு வீரக் காட்டுமிராண்டி' என்ற பொய்நம்பிக்கை. பழங்குடியினர் இயல்பிலேயே வலி தெரியாத அதிமனிதர்கள், நாகரிகம் நம்மைக் கெடுத்துவிட்டது என்கிற அந்தப் பழைய ரொமான்ஸைத்தான் சொல்கிறார்கள். ஊர்ப் பெரியவர்களிடம் உட்கார்ந்து கேட்டிருக்கிறார்கள். இளமையில் மானைத் துரத்தித் துரத்திக் களைக்க வைத்துப் பிடித்ததை அவர்கள் சொல்கிறார்கள். பந்தோட்டம் வெறும் விளையாட்டாக இல்லாமல் வேண்டுதலோடு சேர்ந்ததாக இருப்பதைச் சொல்கிறார்கள். இரவு முழுக்க ஆடுவதும், மலைமேட்டில் உழுவதும், ஆட்டின் பின்னால் நடப்பதும்தான் அவர்களுக்குப் பயிற்சி. எல்லோரும் ஓடுவதில்லை. ஓடுகிறவர்களுக்கும் கால் இழுத்துப் பிடிக்கிறது, வலிக்கிறது.

அந்தக் கட்டுரையை நான் முதலில் பிடிஎஃப்பில் திறந்தபோது வழக்கம்போல ஆசிரியர் பெயர்களைத் தாண்டிப் போய்விட்டேன். இரண்டாவது வாசிப்பில்தான் கவனித்தேன். ஆறு பேர். முதல் பெயர் லீபர்மன். மூன்றாவது பெயர் சில்வினோ குபெசாரே கிமாரே. எங்கேயோ கேட்ட பெயராக இருக்கிறதே என்று அலமாரியிலிருந்து 'பார்ன் டு ரன்'னை எடுத்துப் புரட்டினேன். 2006 மார்ச்சில் அந்தப் பள்ளத்தாக்கில் அர்னுல்ஃபோவோடு ஓடிய ரராமுரிகளில் ஒருவர், சில்வினோ.